ஷெஃபின் தன்னைப் பற்றிப் பேசிய நாள்

போன கிழமை உங்களில் ஒருத்தி எனக்கு ஃபோன் எடுத்தாள். பெயர் வேண்டாம். வேலைக்குச் சேர்ந்து சில மாதங்கள்தான் ஆகின்றன. குரல் ஒரு மாதிரி இருந்தது.

"அக்கா, இண்டைக்கு வாடிக்கையாளரின்ரை மீட்டிங்கிலை ஒரு படம் காட்டினவை. எனக்கு அதைப் பார்த்துக்கொண்டு இருக்க ஏலாமல் இருந்தது. எல்லாரும் நல்லாயிருக்கு எண்டினம். நான் வாய் திறக்கேல்லை. திறந்திருக்க வேணுமோ?"

என்ன படம் என்று நான் கேட்கவில்லை. விளம்பரத் தொழிலில் இவ்வளவு காலம் இருந்தவளுக்கு அதை ஊகிக்க முடியும். ஓம் என்றோ இல்லை என்றோ ஃபோனிலேயே சொல்லியிருக்கலாம். இரண்டும் அரைகுறையாகத்தான் இருந்திருக்கும். "எழுதி அனுப்புறன், பொறு" என்றேன். எழுத உட்கார்ந்தபோது அவளுக்கு மட்டும் ஏன் என்று தோன்றியது. ஜெர்மனியில், கெல்னில் எங்கள் சின்ன நிறுவனத்தில் இப்போது வேலை பழகும் தமிழ்ப் பிள்ளைகள் எல்லோருக்குமாக எழுதுகிறேன். டொச்சில், அதாவது ஜெர்மன் மொழியில், எழுதினால் இன்னும் கொஞ்சப் பேர் வாசிப்பார்கள். ஆனால் கேள்வி தமிழில் வந்தது.

பதிலைச் சொல்ல எனக்கு ஒருவரைப் பற்றித்தான் சொல்ல வேண்டும். நாங்கள் இருவரும் முதலில் வேலை செய்தது டுசல்டோர்ஃபில், பெரிய விளம்பர நிறுவனம் ஒன்றில். நான் யாழ்ப்பாணத்திலிருந்து அகதியாக வந்து, டொச் படித்து, அவுஸ்பில்டுங் என்ற தொழிற்பயிற்சி முடித்து, அங்கே கடைசி வேலை நடக்கும் பகுதியில் சேர்ந்தேன். விளம்பரம் அச்சுக்குப் போகுமுன் எழுத்து, நிறம், ஓரம் எல்லாம் சரிபார்த்துக் கொடுக்கும் பகுதி அது. அவர் எழுத்துப் பிரிவின் தலைவர். அந்த நிறுவனத்தில் எல்லோரும் எல்லோரையும் பெயர் சொல்லி 'நீ' என்றுதான் கதைப்பார்கள். என்னைவிட மூத்த, எனக்கு மேலே இருந்த ஒரு பெண்ணை அப்படிக் கூப்பிட எனக்கு வாய் வரவில்லை. 'ஷெஃபின்' என்றேன். மேலதிகாரி பெண்ணாக இருந்தால் டொச்சில் அப்படிச் சொல்வார்கள். அவர் சிரித்தார். "இந்தக் கட்டடத்திலை என்னை அப்பிடிக் கூப்பிட்ட முதல் ஆள் நீதான்" என்றார். கடைசி வரைக்கும் அதுவே நிலைத்துவிட்டது. அவர் பேசியதெல்லாம் டொச். நான் அதை எங்கட தமிழிலேயே சொல்கிறேன்.

ஷெஃபின் கறுப்பினப் பெண். பிறந்து வளர்ந்தது மன்ஹைமில். தாய் அந்த ஊர்க்காரி, துணிக்கடையில் வேலை செய்தவர். தகப்பன் அங்கே முகாமில் இருந்த அமெரிக்கக் கறுப்பினச் சிப்பாய். மகள் பேசத் தொடங்குமுன்பே அவரை நாட்டுக்குத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். ஷெஃபின் டுசல்டோர்ஃபுக்கு வந்தது டைப் அடிக்க. ஆண்கள் எழுதிய விளம்பர வரிகளைச் சுத்தமாக அடித்துக் கொடுக்க வேண்டும். ஒருநாள் சலவைத்தூளுக்கு எழுதப்பட்ட வரி ஒன்று மூச்சு வாங்கும் அளவுக்கு நீண்டிருந்ததாம். அவர் அதைப் பாதியாக வெட்டி அடித்துக் கொடுத்தார். எழுதியவர் கோபத்தில் குதித்தார். வாடிக்கையாளர் அந்தப் பாதி வரியைத்தான் தேர்ந்தெடுத்தார். அப்படித்தான் அவர் எழுத்து மேசைக்கு வந்தார். அவருக்கு முன்னால் அந்த மேசையில் கறுப்பினப் பெண் எவரும் இருந்ததில்லை. மற்ற நிறுவனங்களிலும் நான் ஒருவரைக் காணவில்லை.

முதல் தடவை அவருக்குப் பரிசு கிடைத்த விழாவில் ஒரு பெரிய மனுஷர் தன் கோட்டைக் கழற்றி இவருடைய கையில் கொடுத்துவிட்டுப் போனாராம். இவர் அதைக் கொண்டுபோய்க் கோட்டுகள் வைக்கும் இடத்தில் கொடுத்து, இலக்கச் சீட்டை வாங்கிவந்து அவரிடம் கொடுத்துவிட்டு, நேரே மேடைக்கு ஏறிப் பரிசை வாங்கினார். "அவர் முன்வரிசையிலை அந்தச் சீட்டைப் பிடிச்சுக்கொண்டு இருந்தார்" என்று எங்களுக்குச் சொல்லிச் சிரிப்பார். எனக்குச் சிரிப்பு வருவதில்லை. அவருக்கும் எல்லா நேரமும் வந்ததென்று நான் நினைக்கவில்லை.

நான் அவரோடு முதன்முதலாக வெளியே போனது ஒரு கோப்பி நிறுவனத்துக்கு. வரைபடங்கள் ஒட்டிய மட்டைகளைத் தூக்கிவர ஆள் தேவைப்பட்டது. அந்த நிறுவனம் பல வருடமாக ஒரே மாதிரிப் போஸ்டர் போட்டுவந்தது. தலையில் துணி கட்டிய கறுப்பினப் பெண், கையில் கோப்பிக் கொட்டைக் கூடை, வாய் நிறையச் சிரிப்பு. ஷெஃபின் கொண்டுபோன யோசனையில் அவள் இல்லை. வூப்பெற்றாலில் விடியற்காலையில் முதல் பஸ்ஸை எடுக்கும் ஒரு வயதான சாரதி, இன்னும் ஆள் ஏறாத பஸ்ஸில் தனியாக இருந்து கோப்பி குடிக்கிறார்.

அவர்களுடைய விற்பனைத் தலைவர் மட்டைகளைப் பார்த்தார். "நல்லாயிருக்கு. ஆனா எங்கட கூடைக்காரியை விட மனம் வருகுதில்லை" என்றார். பிறகு ஷெஃபினை மேலும் கீழும் பார்த்து, "வேறை ஆளைத் தேடத் தேவையில்லையே. நீங்களே தலையிலை ஒரு துணியைக் கட்டிக்கொண்டு நிண்டால் போதும்" என்றார். மேசையைச் சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள்.

ஷெஃபின் கோபத்தைக் காட்டவில்லை, சிரிக்கவும் இல்லை. கிளாஸில் தண்ணீர் ஊற்றி ஒரு வாய் குடித்தார். சிரிப்பு தானாக அடங்கும்வரை காத்திருந்தார்.

"அவளை எல்லாரும் பார்த்துப் பார்த்துப் பழகியிட்டினம்" என்றார். "கடைக்கு வாறவை இப்ப அவளைக் காணிறதில்லை, கீழை இருக்கிற விலையைத்தான் காணினம். நான் அவளை மாதிரி இன்னொருத்தியாய் நிண்டால் என்னையும் காணமாட்டினம். இந்தச் சாரதியைக் கோப்பி விளம்பரத்திலை இதுவரைக்கும் ஒருத்தரும் காணேல்லை."

விற்பனைத் தலைவர் மட்டையை மறுபடி கையில் எடுத்தார். சாரதி விற்றுப்போனார்.

திரும்பி வரும்போது காரில் என்னைக் கேட்டார். "உனக்குக் கோபம் வந்ததோ?"

"ஓம்."

"எனக்கும் வந்தது. அதைச் சொல்லியிருந்தால் மிச்ச நேரம் முழுக்க என்ரை கோபத்தைப் பற்றித்தான் கதைச்சிருப்பினம். 'எனக்கு நோகுது' எண்டு இவையளுக்குச் சொல்லாதை. 'இது சரிவராது, விக்காது' எண்டு சொல்லு. அது அவைக்கு விளங்குற பாஷை."

நான் அதைப் பிடித்துக்கொண்டேன். எத்தனையோ இடத்தில் அது என்னைக் காப்பாற்றியது. உங்களையும் காப்பாற்றும். அதனால்தான் முதலில் சொல்கிறேன்.

ஆனால் அது எல்லா நேரமும் வெல்லாது. ஜாம் செய்யும் ஒரு நிறுவனத்துக்குக் காலைச் சாப்பாட்டு மேசைப் படம் ஒன்று எடுத்தோம். தாய், தகப்பன், மகள். ஷெஃபின் தேர்ந்தெடுத்தது ஒரு கறுப்பினக் குடும்பம். அந்தப் பிள்ளை, ஆரம்பப் பள்ளிக்கூடத்தில் படிப்பவள், பாணில் ஜாம் பூசிவிட்டு விரலை நக்குவாள். அவ்வளவு உயிரான படம் அந்த வருடம் எங்கள் நிறுவனத்தில் வரவில்லை. வாடிக்கையாளர் பார்த்துவிட்டு, வாங்குகிறவர்கள் தங்களை இதில் காணமாட்டார்கள் என்றார். முகங்களை வெட்டிவிட்டு, கைகளும் போத்தலும் மட்டும் தெரியட்டும், அதுவும் நெருக்கமாக, நிறம் அதிகம் தெரியாமல். ஷெஃபின் அன்றும் தொழில் பாஷையில்தான் வாதாடினார். முகம் இல்லாத படம் மனதில் நிற்காது என்றார். உண்மைதான். ஆனால் தோற்றோம். வெட்டிய படத்தை அச்சுக்குச் சரிசெய்து கொடுத்தது நான்.

வழக்கமாக இப்படி நேர்ந்தால் படத்தில் நடித்தவர்களுக்கு ஒரு கடுதாசி போகும். ஷெஃபின் அதை அனுப்ப விடவில்லை. "அந்தப் பிள்ளை பள்ளிக்கூடம் முழுக்கச் சொல்லியிருப்பாள். அவளாய்க் கடையிலை போய்ப் பார்த்து அறிய விடக்கூடாது" என்று சொல்லி, வெட்டாத படத்தைப் பெரிதாக எடுத்துத் தரச் சொன்னார். இருவரும் அவர்கள் வீட்டுக்குப் போனோம். தாய் கேக் வைத்திருந்தார். ஷெஃபின் பிள்ளைக்கு முன்னால் தரையில் இருந்து, முகங்களை வெட்டிவிட்டார்கள் என்று சுற்றி வளைக்காமல் சொன்னார்.

பிள்ளை கையிலிருந்த படத்தைப் பார்த்தாள். "நான் பிழையாச் செய்திட்டனோ?"

"இல்லை. நீ நல்லாச் செய்தாய். அவைக்குத்தான் பயம்."

"என்னைக் கண்டோ?"

தாய் பிள்ளையை மடியில் இழுத்து வைத்துக்கொண்டார். வெளியே வந்து காரில் ஏறியும் ஷெஃபின் சாவியைத் திருப்பவில்லை. "வரி எழுதித்தான் சாப்பிடுறன். அவளுக்குச் சொல்ல ஒரு வரி கூட வரேல்லை" என்றார்.

இதற்குப் பிறகு அவர் இன்னும் மேலே போனார். எழுத்துக்கு மட்டுமல்ல, படம் உட்பட எல்லாப் படைப்பு வேலைக்கும் பொறுப்பானார். நானும் என் பகுதிக்குப் பொறுப்பாக வந்திருந்தேன். அந்த வருடம் எங்கள் நிறுவனம் பெரிய வாடிக்கையாளர் ஒருவரை இழந்திருந்தது. யாருடைய வேலை போகும் என்று எல்லோரும் வாய்க்குள் முணுமுணுத்துக்கொண்டு திரிந்த நேரம். கதவுப் பூட்டுச் செய்யும் ஒரு நிறுவனம் புதிதாக விளம்பர நிறுவனம் தேடுகிறது என்று தெரியவந்தது. அது கிடைத்தால் எல்லோரும் தப்பலாம்.

அதற்குப் போஸ்டர் செய்தவர், படங்களை அமைக்கும் எங்கள் ஆர்ட் டிரெக்டர்களில் ஒருவர். டொச்சுக்காரர், நெட்டை, அமைதியான மனுஷன், கடும் உழைப்பாளி. நான் வீட்டிலிருந்து ரோல்ஸ் பொரித்துக்கொண்டு போனால் முதல் ஆளாக வந்து நிற்பார். என்னைப் பற்றியோ ஷெஃபினைப் பற்றியோ ஒரு தப்பான சொல் அவர் வாயில் வந்ததில்லை. இதை ஏன் சொல்கிறேன் என்று பிறகு விளங்கும்.

காலைக் கூட்டத்தில் அவர் போஸ்டரை நிமிர்த்தி வைத்தார். ஒரு மாடிக் கட்டடத்தின் படிக்கட்டு, பாதி இருட்டு. தலையை மூடிய ஜாக்கெட் போட்ட ஒரு கறுத்த இளைஞன் கதவுப் பிடியில் கை வைத்தபடி எங்களைத் திரும்பிப் பார்க்கிறான். கீழே ஒரு வரி: 'கதவுக்கு அந்தப் பக்கம் யார்?'

என் மகன் அப்போது பல்கலைக்கழகத்தில் படித்துக்கொண்டிருந்தான். மழைக்கு அதே மாதிரி ஜாக்கெட்தான் போடுவான். போஸ்டரில் இருந்தவனுடைய புருவம் அவனுடையது போலவே இருந்தது.

எங்கள் நிறுவனத்தின் நிர்வாகி சந்தோஷத்தில் இருந்தார். சிலரைக் கூப்பிட்டுக் காட்டிப் பார்த்ததாகவும், பார்த்தவர்கள் வீட்டுக்குப் போனதும் பூட்டை மாற்றப்போவதாகச் சொன்னதாகவும் சொன்னார். "இது வேலை செய்யுது. எல்லாருக்கும் சம்மதம்தானே?"

ஷெஃபின் என்ன சொல்லப் போகிறார் என்று பார்த்தேன். அவர் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பழகிய பாஷையில் நானே தொடங்கினேன்.

"நிழல் கூடிப்போச்சு. பேப்பரிலை அடிச்சால் முகம் கறுப்பா அடைச்சுப்போகும். சரிவராது."

ஷெஃபின் கையை உயர்த்தி என்னை நிறுத்தினார்.

"அடைக்காது" என்றார். "நீ அதை வடிவாச் செய்து குடுப்பாய். எனக்குத் தெரியும்." பிறகு நிர்வாகியின் பக்கம் திரும்பினார். "இது நல்ல போஸ்டர். பூட்டு விக்கும். நான் இதுக்குச் சம்மதிக்கமாட்டன்."

"ஏன்?"

"எனக்கு நோகுது."

அந்தச் சொல்லை அவர் வாயில் நான் கேட்டதே இல்லை. அறையில் ஒருவரும் கேட்டதில்லை.

"இளம் வயசிலை வாடகைக்கு அறை தேடித் திரிஞ்சன்" என்றார். "ஃபோனிலை கதைச்சால் அறை இருக்கும். வாசலிலை போய் நிண்டால் அறை முடிஞ்சிடும். கதவிலை ஒரு சின்னக் கண்ணாடித் துவாரம் இருக்குமே, அதுக்குள்ளாலை ஒரு கண் என்னைப் பார்க்கும். கண் பார்க்குறது எனக்கும் தெரியும். பிறகு உள்ளுக்கை செருப்புச் சத்தம் தூரப் போகும். கதவுக்கு அந்தப் பக்கம் யார் எண்டு கேக்கிறியள். நான்தான்."

நிர்வாகி பேனையை உருட்டினார். "நீ இதைச் சொந்த விஷயமாக்குறாய்."

"ஓம். இவ்வளவு காலமும் ஆக்கேல்லை. ஆனா இந்தப் படத்தைப் பார்த்துச் சிலருக்குப் பயம் வந்தது, அதாலை படம் நல்லது எண்டியள். அவையின்ரை பயமும் சொந்த விஷயம்தான். அதைக் கணக்கிலை எடுக்கிறியள் எண்டால் என்னையும் எடுங்கோ."

ஆர்ட் டிரெக்டர் தன் போஸ்டரை, முன்பு பார்த்திராத ஒன்றைப் பார்ப்பது போலப் பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில் நிர்வாகி, இதற்குப் பதிலாக ஒன்று இருந்தால் கொண்டு வாருங்கள், இல்லாவிட்டால் இதுதான் போகும் என்று சொல்லி எழும்பினார்.

அவர் போன பிறகு, வாடிக்கையாளரோடு தொடர்பு பார்க்கும் பிரிவிலிருந்த ஒரு இளைஞர், கூட்டங்களில் வாயே திறக்காதவர், மெதுவாகச் சொன்னார். "நான் வந்து சாவி போடுற சத்தம் கேக்காமல் என்ரை அம்மா நித்திரை கொள்ளமாட்டா." ஷெஃபின் அவரை மறுபடி இருக்கச் சொன்னார். அன்று பின்னேரமே புதிய விளம்பரம் பிறந்துவிட்டது. கதவு, பூட்டு, உள்ளே விளக்கைப் போட்டுவிட்டுக் காத்திருக்கும் ஒரு தாய். 'சரியான ஆள் வந்துவிட்டார் என்று காதுக்குத் தெரியும்.' நான் செய்துகொடுத்த வேலைகளில் அதுதான் எனக்குப் பிடித்தது.

நாங்கள் தோற்றோம். பூட்டு நிறுவனம் எங்களுடைய தாயைப் பாராட்டிவிட்டு வேறு விளம்பர நிறுவனத்திடம் போனது. அங்கே என்ன காட்டினார்கள் என்பதைச் சில மாதங்களில் ட்ராம் நிறுத்தங்களில் பார்த்தோம். எங்கள் படிக்கட்டுப் போஸ்டருக்குத் தம்பி என்று சொல்லலாம்.

எங்கள் இடத்தில் ஆள் குறைத்தார்கள். என் பகுதியிலும் ஒரு பெண்ணுக்கு வேலை போனது. தனியாகப் பிள்ளை வளர்ப்பவள். அவள் ஷெஃபினுக்கு முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. ஷெஃபின் அவளுக்காக ஊரிலுள்ள தெரிந்தவர்களுக்கெல்லாம் ஃபோன் எடுத்து, வேறு இடம் கிடைக்கும்வரை ஓயவில்லை. கிடைத்த பிறகும் அவள் நன்றி சொல்லவில்லை. "சொல்லத் தேவையில்லை. அவளுக்குக் கோபிக்க உரிமை இருக்கு" என்றார் ஷெஃபின். அதையும் சேர்த்துத்தான் அந்தக் காலைக் கூட்டத்தை நான் நினைக்கிறேன்.

ஃபோன் எடுத்த பிள்ளைக்கு இங்கே ஒன்று சொல்ல வேண்டும். நீ வாய் திறக்காததை நான் குறை சொல்லமாட்டேன். ஷெஃபின் 'எனக்கு நோகுது' என்று சொன்னபோது அவருக்குப் பின்னால் அத்தனை வருட வேலை நின்றது. அவரைத் தட்டிவிட அவர்களுக்கு லேசில் ஏலாது. உனக்கு இன்னும் தகுதிகாண் காலமே முடியவில்லை. முதலில் தொழில் பாஷையில் சொல்லிப் பார். பெரும்பாலும் அதுவே போதும், ஏனென்றால் கெட்ட எண்ணத்தில் பிறந்த படம் பெரும்பாலும் கெட்ட விளம்பரமாகவும் இருக்கும். ஆனால் அந்தப் படம் உண்மையிலேயே விற்கும் என்றால், விற்காது என்று பொய் சொல்லாதே. பொய் பிடிபட்டுவிடும். நான் நிழலைப் பற்றிச் சொன்னது போல. அப்போது சொல்ல இருப்பது உனக்கு நோகிறது என்பது ஒன்றுதான். அதைத் தனியாகச் சொல்லப் பயமென்றால் சொல்லக்கூடிய ஒருவரைத் தேடிப்போய்ச் சொல்லு. எனக்குச் சொன்னாய். அதுவும் வாய் திறந்ததுதான்.

ஷெஃபினை அவர்கள் வேலையை விட்டு நிறுத்தவில்லை. அவருடைய ஆட்களை ஒவ்வொருவராக வேறு குழுவுக்கு மாற்றினார்கள். கூட்டங்களுக்கான அழைப்பு அவருக்கு வருவது குறைந்தது. அவர் தானே விலகினார். கெல்னில் ஒரு சின்ன இடம் எடுத்து, தன்னுடைய நிறுவனத்தைத் தொடங்குவதாகச் சொன்னார். நான் கூடப் போவதென்று முடிவெடுக்க எனக்கு ஒரு தேத்தண்ணி குடிக்கும் நேரம்தான் தேவைப்பட்டது.

அவர் மேசையை ஒதுக்கிய அன்று ஆர்ட் டிரெக்டர் வந்தார். நான் பெட்டியில் புத்தகங்களை அடுக்கிக்கொண்டிருந்தேன். அவர் வாசலிலேயே நின்றார்.

"நான் யோசிக்கேல்லை" என்றார். "அந்தப் படத்தைச் செய்யேக்கை நான் அப்பிடி ஒண்டும் யோசிக்கேல்லை."

"நீ நல்லா யோசிச்சாய்" என்றார் ஷெஃபின். குரலில் கோபம் இல்லை. "ஆர் பயப்படுவினம் எண்டு யோசிச்சாய். ஆரைக் கண்டு பயப்படுவினம் எண்டு யோசிச்சாய். வெளிச்சம் எங்கையிருந்து வரவேணும் எண்டு யோசிச்சாய். அந்தப் பொடியன் வீட்டுக்குப் போக வேணும் எண்டு மட்டும்தான் யோசிக்கேல்லை."

அவர் தலையைக் குனிந்தார். போய்விடுவார் என்று நினைத்தேன். ஷெஃபின் ஒரு பெட்டியை அவர் பக்கம் தள்ளினார். "இது பாரம். கார் வரைக்கும் தூக்கிக்கொண்டு வா. எங்களுக்குப் படம் செய்ய ஆள் இல்லை. அதைப் பற்றியும் நடக்கேக்கை கதைப்பம்."

அன்று அவர் ஓம் என்று சொல்லவில்லை. பனிக்காலம் முடிந்து ஒருநாள் கெல்னுக்கு வந்து கதவைத் தட்டினார். அன்றிலிருந்து அங்கேதான் இருக்கிறார். ஷெஃபின் வயதாகி மன்ஹைமுக்குத் திரும்பிய பிறகு பொறுப்பை அவரிடம்தான் கொடுத்தார். நீங்கள் படத்தைக் காட்டப் பயப்படுகிற, காட்டினால் 'இதிலை இருக்கிறவர் இதைப் பார்த்தால் என்ன சொல்லுவார்' என்று முதலில் கேட்கிற உங்கட நரைத்த தாடிக்காரர்தான் அந்த ஆர்ட் டிரெக்டர்.

இதை எழுத முதல் அவருக்கு ஃபோன் எடுத்தேன். பூட்டுப் போஸ்டரைச் செய்தது யார் என்பதை விட்டுவிடவா என்று கேட்டேன்.

"வேண்டாம், எழுது" என்றார். "ஆர் செய்தது எண்டு அவைக்குத் தெரியவேணும். இல்லாட்டி இப்பிடிப் படங்களை வேறை எங்கையோ இருக்கிற கெட்ட ஆக்கள்தான் செய்யிறவை எண்டு நினைச்சுக்கொண்டு இருப்பினம்."